ஓலன்டாஞ்சி ஆற்றின் பெயர் தவறாக வைக்கப்பட்டதா?

அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில் கொலம்பஸ் நகருக்குப் புதிதாகக் குடிவந்த ஒருவர் கேட்டிருக்கிறார். மகளுக்குப் பள்ளியில் ஊர் ஆற்றைப் பற்றி எழுதிவரச் சொல்லியிருக்கிறார்கள். ஓலன்டாஞ்சி என்றால் 'முகத்தில் பூசும் சிவப்புச் சாயத்தின் ஆறு' என்று ஓரிடத்தில் படித்திருக்கிறார். பக்கத்து வீட்டுப் பெரியவரோ அது தப்பான பெயர், உண்மையில் இது வெட்ஸ்டோன், அதாவது சாணைக்கல் ஓடை என்கிறாராம். வரைபடத்தைத் திறந்தால் ஓலன்டாஞ்சி ஆறு, வெட்ஸ்டோன் கிரீக் இரண்டும் தனித்தனியாக இருக்கின்றன. எதை எழுதச் சொல்வது?

கேள்விக்குள் இரண்டு கேள்விகள் கலந்து கிடக்கின்றன. அந்தப் பெயர் முதலில் எந்த நீருக்கு உரியது என்பது ஒன்று. தப்பாக வைத்த பெயர் 190 வருஷம் புழங்கிவிட்டால் அதுவே சரியான பெயர் ஆகிவிடுமா என்பது இன்னொன்று. முன்னதற்குப் பதில் சுருக்கம்: பக்கத்து வீட்டுப் பெரியவர் சொல்வது சரி. பின்னதற்குத்தான் கொஞ்சம் பேச வேண்டும்.

நான் ஒஹாயோவில் நில அளவையிலும் வரைபட வேலையிலும் இருபது வருஷத்துக்கு மேல் இருந்தவன். ஆறு எங்கே ஓடுகிறது, பழைய ஆவணம் அதை என்னவென்று சொல்கிறது என்பதைத் தைரியமாகச் சொல்வேன். பழங்குடி மொழிச் சொற்களைப் பிரித்துப் பொருள் சொல்வது என் தொழில் இல்லை; அந்த இடங்களில் படித்ததையும் கேட்டதையும்தான் சொல்கிறேன், அதற்கேற்ற எடை போட்டுப் படியுங்கள்.

முதலில் ஆறு. நீளம் 97 மைல், சுமார் 156 கிலோமீட்டர். மாரோ கவுண்டியில், கேலியன் என்ற சிறு நகரத்துக்குத் தென்கிழக்கே இரண்டு மைல் தள்ளிப் பிறக்கிறது. 'பிறக்கிறது' என்றதும் மலையுச்சி, சுனை என்று கற்பனை செய்துகொண்டு போனால் ஏமாந்துபோவீர்கள். அங்கே இருப்பது சோளமும் சோயாவும் விளையும் தட்டை நிலம். வயல்களுக்கு அடியில் வடிகுழாய் புதைத்து வைத்திருப்பார்கள். மழை பெய்த மறுநாள் அந்தக் குழாய் வாயிலிருந்து கைத்தடிமன் தண்ணீர் பள்ளத்தில் விழும். அந்த மாதிரிப் பள்ளங்கள் நாலைந்து சேர்ந்தால் அதுதான் தலைப்பகுதி. ஒரே தாவலில் தாண்டிவிடலாம்.

அங்கிருந்து ஆறு தெற்கே கொலம்பஸை நோக்கி வரும் என்றுதானே நினைப்போம்? முதலில் வடமேற்கே போகிறது. கேலியன் ஊருக்குள் புகுந்து, பியூசைரஸ் நகரத்துக்குத் தென்கிழக்கே வந்த பிறகுதான் மனசு மாறியதுபோல் தெற்கே திரும்புகிறது. காரணம் பனிப்படலம். கடைசிப் பனியுகத்தில் இந்தப் பகுதியை மூடியிருந்த பனி பின்வாங்கியபோது, ஆங்காங்கே நின்று நின்று மண்ணையும் கல்லையும் கொட்டிவிட்டுப் போனது. தாழ்வான நீண்ட மேடுகளாக அவை இன்றும் கிடக்கின்றன. காரில் போகும்போது கண்ணுக்கே தெரியாது, தண்ணீருக்குத் தெரியும். அந்த மேடுகள் காட்டிய வழியில்தான் இப்பகுதி ஆறுகள் ஓடுகின்றன. கொஞ்சம் வடக்கே போனால் சாண்டஸ்கி ஆற்றின் நீர்ப்பிடிப்பு வந்துவிடும். அங்கே விழும் மழை ஈரி ஏரிக்குப் போய், நயாகராவில் குதித்து, செயின்ட் லாரன்ஸ் வழியாக அட்லான்டிக்கில் சேர்கிறது. இந்தப் பக்கம் விழுந்தால் ஓலன்டாஞ்சி, சயோட்டோ, ஒஹாயோ, மிசிசிப்பி என்று இறங்கி மெக்சிகோ வளைகுடா. இரண்டுக்கும் நடுவே இருப்பது ஒரு சோளக்காடு. உங்கள் மகள் வேறு எதையும் எழுதாவிட்டாலும் இதை எழுதட்டும்.

தெற்கே திரும்பிய ஆறு மேரியன் கவுண்டியைக் கடந்து, டெலவேர் நகரத்துக்குச் சற்று வடக்கே ஓர் அணையில் தேங்குகிறது. 1913 மார்ச் வெள்ளத்தில் கொலம்பஸில் மட்டும் 90 பேருக்கு மேல் செத்தார்கள், டெலவேரும் தப்பவில்லை. வெள்ளத்தைப் பிடித்து நிறுத்தவென்று அமெரிக்க ராணுவப் பொறியாளர் படை பின்னாளில் கட்டிய அணை அது. நீங்கள் வரைபடத்தில் பார்த்த வெட்ஸ்டோன் கிரீக் இந்த ஏரியில்தான் வந்து கலக்கிறது. கார்டிங்டன் ஊர் வழியாகக் கிழக்கிலிருந்து வரும் கிளை அது. அணைக்குக் கீழே டெலவேர் நகரம், அப்புறம் வொர்திங்டன் வரை 22 மைல். அந்தத் துண்டை 1973-இல் மாநிலம் 'இயற்கை எழில் ஆறு' என்று அறிவித்துப் பாதுகாக்கிறது. வொர்திங்டனைத் தாண்டினால் நெடுஞ்சாலை 315 கரையோடு ஒட்டிக்கொள்ளும். அந்தச் சாலைக்காக ஆற்றையே சில இடங்களில் தள்ளிவைத்தார்கள். ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்தை ஒட்டி வந்து, கொலம்பஸ் நகர்மையத்தின் ஓரத்தில் சயோட்டோவில் சேர்ந்து ஓலன்டாஞ்சி பெயரை இழக்கிறது.

இனி பெயர். 1833-இல் ஒஹாயோ சட்டமன்றம் ஒரு சட்டம் போட்டது. சில ஓடைகளுக்கு வெள்ளையர் வைத்த பெயர்களை நீக்கிவிட்டு, பழங்குடிகள் வழங்கிய பழைய பெயர்களை மீட்டுத் தருவது அதன் நோக்கம். நல்ல எண்ணம்தான். அதுவரை நம் ஆற்றுக்கு வெட்ஸ்டோன் என்று பெயர். அதை எடுத்துவிட்டு ஓலன்டாஞ்சி என்று எழுதினார்கள். சிக்கல் என்னவென்றால், இங்கே இருந்த டெலவேர் என்ற பழங்குடி மக்கள் ஓலன்டாஞ்சி என்றது வேறோர் ஓடையை. சயோட்டோவுக்கு மேற்கே ஓடி, சர்க்கிள்வில் அருகே அதில் சேரும் ஓடை அது. இன்று அதன் பெயர் பிக் டார்பி கிரீக். வயன்டாட் என்ற பழங்குடியின் தலைவர் ஒருவரின் பெயரால் வந்தது என்பார்கள்.

அதைவிட வேடிக்கை இன்னொன்று இருக்கிறது. நம் ஆற்றுக்கு டெலவேர் மக்கள் வைத்திருந்த பெயரை அன்று கேட்டவர்கள் 'கீன்ஹாங்ஷெகான்செபங்' என்கிற மாதிரி எழுதி வைத்திருக்கிறார்கள். பொருள், 'கத்திக்கான கல் கிடைக்கும் ஓடை'. அதாவது சாணைக்கல் ஓடை. அதாவது வெட்ஸ்டோன்! முதலில் வந்த குடியேறிகள் பழங்குடிப் பெயரை அழிக்கவில்லை, அப்படியே மொழிபெயர்த்து வைத்திருந்தார்கள். பழைய பெயரை மீட்கிறோம் என்று கிளம்பிய சட்டம், ஏற்கெனவே மொழிபெயர்ப்பில் உயிரோடு இருந்த பழைய பெயரைத் துடைத்துவிட்டு, அடுத்த ஓடையின் பெயரைக் கொண்டுவந்து ஒட்டிவிட்டது. தமிழில் மரூஉ என்போமே, தஞ்சாவூர் தஞ்சை ஆனதுபோல, அந்த மாதிரி இல்லை இது. பெயர் தேயவில்லை, வீடு மாறிப்போய்விட்டது.

இவ்வளவு பெரிய தப்பை யாருமே சுட்டிக்காட்டவில்லையா என்று கேட்பீர்கள். ஆண்டுகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். 1795-இல் கிரீன்வில் ஒப்பந்தம்; ஒஹாயோவின் தெற்குப் பகுதி குடியேறிகள் கைக்கு வந்தது. 1829-இல் டெலவேர் மக்கள் ஒஹாயோவில் தங்களுக்கென்று மிஞ்சியிருந்த கடைசி நிலத்தையும் ஒப்படைத்துவிட்டு மிசிசிப்பிக்கு மேற்கே போக ஒப்புக்கொண்டார்கள். பெயர் மீட்புச் சட்டம் அதற்கு நாலு வருஷம் கழித்து வருகிறது. அந்த மொழி பேசியவர்களை அனுப்பிவிட்டு, அவர்கள் மொழியில் பெயர் வைத்திருக்கிறார்கள். "ஐயா, அது இந்த ஆறு இல்லை" என்று சொல்லியிருக்கக்கூடியவர்கள் பல நூறு மைல் தள்ளிப் போயிருந்தார்கள். இன்று அவர்கள் வழிவந்தவர்களில் பெரும்பகுதியினர் ஓக்லஹோமாவில் இருக்கிறார்கள்.

டெலவேர் என்ற பெயருக்கே இதே கதிதான். அவர்கள் தங்களை லெனாபி என்று சொல்லிக்கொள்கிறார்கள். வர்ஜீனியாவின் ஆளுநராக இருந்த டி லா வார் பிரபுவின் பட்டப்பெயரைக் கிழக்குக் கடற்கரையில் ஒரு வளைகுடாவுக்கும் ஆற்றுக்கும் ஆங்கிலேயர் வைத்தார்கள். அந்த ஆற்றங்கரையில் இருந்த மக்களுக்கு ஆற்றின் பெயர் ஒட்டிக்கொண்டது. அவர்கள் மேற்கே தள்ளப்பட்டு ஒஹாயோ வந்தபோது பெயரும் கூடவே வந்தது. பிறகு 1808-இல் இங்கே உருவான நகரத்துக்கு அவர்கள் நினைவாக டெலவேர். ஓர் ஆங்கிலப் பிரபுவின் பட்டம் ஓர் ஆற்றின் பெயராகி, அதிலிருந்து ஒரு மக்களின் பெயராகி, கடைசியில் வேறோர் ஆற்றின் கரையில் ஊர்ப்பெயராக வந்து உட்கார்ந்திருக்கிறது.

உறுதியும் ஊகமும் பிரியும் இடம் இங்கேதான். 1833 சட்டம், வெட்ஸ்டோன் என்ற முந்தைய பெயர், அது டெலவேர் பெயரின் மொழிபெயர்ப்பு, ஓலன்டாஞ்சி டார்பிக்கு உரியது என்ற அளவில் ஒஹாயோ வரலாறு எழுதியவர்கள் பொதுவாக ஒத்துப்போகிறார்கள். சொற்களின் பொருளை அவ்வளவு இறுக்கிப் பிடிக்காதீர்கள். லெனாபி மொழியில் ஆற்றுக்குச் 'சிபு' என்று பெயர். 'ஆற்றில்' என்று சொல்ல 'சிபுங்க்' என்பார்கள். ஆகவே அந்த நீண்ட பெயரின் வாலில் இருக்கும் 'செபங்' ஆற்றைக் குறிக்கிறது என்பதை நம்பலாம். மிசிசிப்பியில் வரும் 'சிப்பி'யும் இதன் உறவுச் சொல்தான். ஒஜிப்வே மொழியில் 'பெரிய ஆறு'. மீதிப் பகுதியெல்லாம் ஆங்கிலக் காது கேட்டு ஆங்கிலக் கை எழுதியது. நம் ஊர்ப்பெயர்களை வெள்ளைக்காரர்கள் எழுதிவைத்த லட்சணம் நமக்குத் தெரியும்: தூத்துக்குடி டூட்டிகொரின் ஆனது, திருவல்லிக்கேணி டிரிப்ளிகேன் ஆனது. அந்த எழுத்தை மட்டும் வைத்துக்கொண்டு மூலச்சொல்லைத் தோண்டி எடுக்கச் சொன்னால் என்ன ஆகும்? 'சிவப்புச் சாயம்' என்ற பொருளை நான் அந்த எச்சரிக்கையோடுதான் எடுத்துக்கொள்கிறேன். சிவப்பு மண்ணால் ஆற்றுக்குப் பெயர் வருவது நடக்காத காரியமில்லை. ஈரி ஏரியில் கலக்கும் வெர்மிலியன் ஆறும் அப்படிப் பெயர் பெற்றதுதான்.

சாணைக்கல் பெயரை மட்டும் நானே கையில் எடுத்துப் பார்த்திருக்கிறேன். டெலவேருக்கும் வொர்திங்டனுக்கும் நடுவே ஹைபேங்க்ஸ் என்ற பூங்கா. பெயரே உயரக்கரை, ஆற்றை ஒட்டி நூறடிக்கு மேல் செங்குத்தாக நிற்கும் கரை. அந்தப் பாறை களிப்பாறை. டெவோனியன் காலத்தில் கடலடியில் படிந்த சேறு இறுகி ஆனது, வயது 35 கோடி ஆண்டுகளுக்கும் மேல். இதே களிப்பாறை வரிசையில் ஓர் அடுக்குக்கு நிலவியலாளர்கள் இந்த ஆற்றின் பெயரையே வைத்திருக்கிறார்கள், ஓலன்டாஞ்சி ஷேல் என்று. தப்பான பெயர் இப்படிக் கல்லிலும் ஏறிவிட்டது. கறுப்புக் கலந்த சாம்பல் நிறம். நகத்தால் நெம்பினால் அப்பளக் கட்டு மாதிரித் தகடு தகடாகப் பிரியும். நடுநடுவே உருண்டைக் கற்கள் புடைத்துக்கொண்டு நிற்கும், சில ஓராள் உயரம். பூங்காவுக்குள் எதையும் எடுக்கக் கூடாது. கீழே வேறோர் இடத்தில், கோடையில் தண்ணீர் வற்றியிருந்தபோது ஆற்றுப்படுகையில் உள்ளங்கை அகலத் தகடு ஒன்றைப் பொறுக்கி, நனைத்து, பேனாக்கத்தியை அதில் இழுத்துப் பார்த்தேன். சாம்பல் நிறக் குழம்பு வழிந்தது. கத்தி லேசாகப் பளபளத்தது. வெட்டுவதில் பெரிய முன்னேற்றம் இல்லை. இந்தக் கல் மெருகேற்றத்தான் உதவும், முனை மழுங்கிய கத்திக்கு மணற்கல்தான் வேண்டும் என்று எனக்குப் பட்டது. பெயர் களிப்பாறையால் வந்தது என்றுதான் எழுதுகிறார்கள். இருக்கலாம். பனிப்படலம் உருட்டிவந்த மணற்கல்லும் அதே படுகையில் கிடக்கிறது என்பதால், கத்தி தீட்டியவர்கள் அதைத்தான் எடுத்திருப்பார்களோ என்று எனக்கு ஒரு சந்தேகம். இது என் ஊகம். பள்ளிக்கட்டுரையில் சேர்க்க வேண்டாம்.

இந்தப் பெயர்க் குழப்பம் என்னை ஒருமுறை நன்றாகவே சுற்றவிட்டது. வேலைக்குச் சேர்ந்த புதிதில் 1820-களின் நிலப்பத்திரம் ஒன்றின் எல்லையைப் பிடிக்கச் சொன்னார்கள். 'வெட்ஸ்டோனின் கிழக்குக் கரை வரை' என்று இருந்தது. நான் இன்றைய வரைபடத்தில் வெட்ஸ்டோன் கிரீக்கைத் தேடிப் பிடித்து, பத்திரத்தில் சொன்ன தூரமும் திசையும் ஏன் பொருந்தவில்லை என்று ஒன்றரை நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். மூத்தவர் ஒருவர் வந்து பத்திரத்தின் தேதியை மட்டும் விரலால் தட்டிக்காட்டிவிட்டுப் போய்விட்டார். 1833-க்கு முந்தைய பத்திரம் என்றால் வெட்ஸ்டோன் என்பது இன்றைய ஓலன்டாஞ்சி. என் நிலம் நான் தேடிய இடத்திலிருந்து பல மைல் தெற்கே இருந்தது. சட்டம் வந்த அன்றே சனங்கள் நாக்கை மாற்றிக்கொள்ள மாட்டார்களே. அதற்குப் பிந்தைய ஆவணங்களிலும் பழைய பெயரைப் பார்த்திருக்கிறேன். பழைய பெயர் முழுக்கச் சாகவும் இல்லை. மேலே கிழக்குக் கிளையில் ஒதுங்கிக்கொண்டது. கொலம்பஸின் வடபகுதியில், ஆற்றங்கரையிலேயே, வெட்ஸ்டோன் பூங்காவாகவும் பக்கத்தில் ஒரு பள்ளியாகவும் நிற்கிறது. ரோஜாத் தோட்டம் பார்க்க அந்தப் பூங்காவுக்குப் போகிறவர்கள் ஆற்றின் பழைய பெயரைச் சொல்லித்தான் வழி கேட்கிறார்கள்.

சரி, எது 'சரியான' பெயர்? அமெரிக்காவில் இதற்கென்று புவியியல் பெயர்கள் வாரியம் ஒன்று 1890-இலிருந்து இருக்கிறது. அரசு வரைபடங்களில் எந்தப் பெயர் வர வேண்டும் என்று முடிவு செய்வது அதுதான். எது பழையது என்பதைவிட, அந்த வட்டாரத்து மக்கள் இன்று எப்படி அழைக்கிறார்கள் என்பதற்கே அது பொதுவாக முதலிடம் கொடுக்கும். அந்தக் கணக்கில் ஓலன்டாஞ்சிதான் சரி, சந்தேகமே இல்லை. வரைபடக்காரனாக எனக்கும் இது நியாயமாகத்தான் படுகிறது. இன்று யாராவது எழுந்து ஆற்றின் பெயரைத் திருத்துவோம் என்றால் கை தூக்க மாட்டேன். நெடுஞ்சாலை, சைக்கிள் பாதை, பாறை அடுக்கு என்று எல்லாவற்றிலும் அந்தப் பெயர் ஊறிவிட்டது. நம் ஆட்களையே எடுத்துக்கொள்ளுங்கள். பவல், லூயிஸ் சென்டர் பக்கம் வீடு தேடும் தமிழ்க் குடும்பங்களுக்கு ஓலன்டாஞ்சி என்றால் முதலில் பள்ளி மாவட்டம், அப்புறம்தான் ஆறு. "ஓலன்டாஞ்சி கிடைக்குமா?" என்று வீட்டுத் தரகரிடம் கேட்கிறார்கள், தண்ணீரைப் பற்றி அல்ல. ஆனால் மீட்கப்பட்ட பழங்குடிப் பெயர் என்று பெருமையாக எழுதிவைப்பதை மட்டும் நான் ஏற்கமாட்டேன். அது மீட்பு இல்லை.

கேள்வியில் இல்லாவிட்டாலும் உங்கள் மகள் கேட்கக்கூடிய ஒன்று: ஓலன்டாஞ்சி ஏன் ஆறு, டார்பி ஏன் கிரீக்? இரண்டின் வடிநிலமும் ஏறக்குறைய ஒரே அளவுதான். அமெரிக்க அரசுக் கணக்கில் ஆறு, கிரீக், ரன், புரூக் என்பவற்றுக்கு அளவுகோல் எதுவும் கிடையாது. அதிகாரப் பட்டியலில் எல்லாமே 'நீரோட்டம்' என்ற ஒரே வகை. முன்னால் வந்தவன் எப்படிக் கூப்பிட்டானோ அப்படி. வெட்ஸ்டோன் என்று இருந்தவரை நம் ஆறும் கிரீக்தான். பெயர் மாறியபோது பதவி உயர்வும் சேர்ந்து கிடைத்தது. பெயரைப் பறிகொடுத்த டார்பி கிரீக்காகவே நின்றுவிட்டது. ஆனால் தண்ணீரின் தரத்தில் டார்பிதான் ஒரு படி மேல். 1994-இல் தேசிய அளவில் பாதுகாக்கப்பட்ட நீரோட்டங்களில் அது சேர்ந்தது.

நம் ஆற்றுக்கும் கொஞ்சம் நல்ல காலம் வந்திருக்கிறது. பல்கலைக்கழகத்துக்குக் கீழே ஐந்தாவது அவென்யூவில் 1935-இல் கட்டிய ஒரு தாழ்வான அணை இருந்தது. அதனால் மேலே ஆறு அகலமாக, அசையாமல், குளம் மாதிரிப் பச்சைபிடித்துக் கிடக்கும். 2012-இல் அணையை உடைத்து எடுத்தார்கள். தண்ணீர் வடிந்ததும் இரண்டு பக்கமும் வெறும் சேறு. ஆற்றைக் கொன்றுவிட்டார்கள் என்று திட்டியவர்களை நானே கேட்டிருக்கிறேன். இப்போது போய்ப் பாருங்கள். ஆறு பாதி அகலத்தில், கல்லில் சலசலத்துக்கொண்டு ஓடுகிறது. சேறு இருந்த இடத்தில் புல்லும் மரமும்.

கட்டுரைக்கு வருவோம். 'இன்றைய பெயர் ஓலன்டாஞ்சி, 1833 வரை வெட்ஸ்டோன், லெனாபி மக்கள் சொன்னதும் சாணைக்கல் ஓடை என்றுதான்' என்று மகள் மூன்றையும் எழுதட்டும். 'சிவப்புச் சாயம்' பற்றி எழுதினால், அது டார்பியின் பெயர் என்று பக்கத்திலேயே குறிக்கட்டும். ஒரு சனிக்கிழமை அவளை டெலவேர் ஏரிக்குக் கூட்டிக்கொண்டு போங்கள். கிழக்கேயிருந்து வெட்ஸ்டோன் கிரீக்கும் வடக்கேயிருந்து ஓலன்டாஞ்சியும் ஏரிக்குள் வருகின்றன. திரும்பும் வழியில் ஹைபேங்க்ஸ் கரை மேல் இருக்கும் மரத்தளத்தில் ஏறிக் கீழே பார்த்தால் ஆறு ஒரே ஓட்டமாகத் தெரியும். இலையுதிர்ந்த பிறகு போனால் இன்னும் நன்றாகத் தெரியும்.